ராணுவம் இறங்கிய மறுநாள்: பர்மாவுக்கு எந்த வழி பொருந்தும்?

காரைக்குடி, தேவகோட்டைப் பக்கம் நாலு பேர் கூடினால் பர்மா பேச்சு எப்படியாவது வந்துவிடும். எங்கள் வாசிப்பு வட்டத்திலும் அப்படித்தான். 2021 பிப்ரவரி 1-ஆம் தேதி ராணுவம் மறுபடி ஆட்சியைப் பிடித்ததிலிருந்து ஒரே கேள்வி திரும்பத் திரும்ப எழுகிறது. என்றாவது இந்த ராணுவம் ஆட்சியை விட்டு இறங்கினால் மறுநாள் காலையில் முதல் வேலை என்ன? உடனே தேர்தலா? புதிய அரசியல் சட்டமா? பழைய ஆட்களோடு உட்கார்ந்து பேசி ஓர் உடன்படிக்கையா?

ராணுவம் நாளைக்கே இறங்கப் போகிறது என்று நான் சொல்லவில்லை. ஆங் சான் சூச்சியின் தேசிய ஜனநாயக லீக் கட்சியையே 2023-இல் கலைத்துவிட்டு, 2025 டிசம்பர் கடைசியில் தொடங்கி கட்டம் கட்டமாக ஒரு தேர்தலையும் நடத்திக் காட்டியவர்கள் அவர்கள். ஆனால் மக்கள் எழுந்து ஆட்சியைத் தள்ளிய நாடுகளில் அந்த நாள் வந்த பிறகு யோசிக்க யாருக்கும் நேரம் கிடைத்ததில்லை. எகிப்தில் முபாரக்கின் 30 வருஷ ஆட்சி 18 நாளில் முடிந்தது. துனிசியாவில் பென் அலி ஒரு மாதத்துக்குள் விமானம் ஏறினார். தெருவில் நின்றவர்களிடம் கோஷம் இருந்தது, அடுத்த வாரத்துக்கான திட்டம் இல்லை. அதனால் வழிகளை இப்போதே ஒப்பிட்டுப் பார்ப்பது வீண் வேலை அல்ல.

நமக்கென்ன இதில் என்று கேட்பவர்களுக்கு ஒரு கணக்கு. 1930-இல் உலக மந்தம் வந்து நெல் விலை விழுந்தபோது, கீழ் பர்மாவின் 13 முக்கிய நெல் மாவட்டங்களில் செட்டியார்கள் கையில் இருந்த நிலம் நூற்றுக்கு 6 பங்கு. கடன் திரும்பாமல் அடமானம் மூழ்கி, அந்தப் பத்தாண்டு முடிவதற்குள் அது 25 பங்கு ஆனது. நம்மவர்கள் நிலம் தேடிப் போகவில்லை, கொடுத்த பணம் வந்தால் போதும் என்றுதான் இருந்தார்கள். சட்டப்படிதான் எல்லாம் நடந்தது. ஆனாலும் சொந்த வயலிலேயே குத்தகைக்காரனாகிப் போன ஐராவதி டெல்டா விவசாயியின் கோபம் நியாயமானது. 1948-இல் சுதந்திர பர்மா நிலங்களை தேசியமயமாக்கச் சட்டம் போட்டது. 1962-இல் ஆட்சியைப் பிடித்த நே வின்னின் ராணுவம் அந்தக் கோபத்தை நன்றாகப் பயன்படுத்திக்கொண்டு கடைகளையும் ஆலைகளையும் எடுத்துக்கொண்டது. அந்த வருஷங்களில் சுமார் 3 லட்சம் இந்திய வம்சாவளியினர் வெளியேறினார்கள். காரைக்குடியில் பர்மா காலனி என்று ஒரு குடியிருப்பே இருக்கிறது. தாட்டோன், மோல்மேன், பெகு பக்கம் தமிழ் பேசும் குடும்பங்கள் இன்னும் அங்கே இருக்கின்றன. அங்கே எந்த வழி தேர்ந்தெடுக்கப்படுகிறது என்பது அவர்களுடைய நாளைய வாழ்க்கை.

சரி, வழிகளுக்கு வருவோம்.

உடனே தேர்தல்

கேட்க நியாயமாக இருக்கும் வழி இது. ஆட்சி மக்களுடையது, மக்களிடமே கேட்டுவிடுவோம், அவ்வளவுதானே? எகிப்து இதைத்தான் செய்தது. 2011 பிப்ரவரி 11-இல் முபாரக் விலகியதும் அதிகாரம் ராணுவ உயர்மட்டக் குழுவின் கைக்குப் போனது. ஐந்து வாரத்தில் ஒரு வாக்கெடுப்பு நடந்தது. அந்த வருஷக் கடைசியில் நாடாளுமன்றத் தேர்தலும் தொடங்கியது. முஸ்லிம் சகோதரத்துவ அமைப்பின் கட்சி ஏறக்குறைய பாதி இடங்களைப் பிடித்தது. 1928 முதல் ஊர் ஊராகக் கிளை வைத்திருந்த அமைப்பு அது. தாஹ்ரீர் சதுக்கத்தில் அடிபட்ட இளைஞர்களிடம் ஒரு கட்சி அலுவலகம்கூட இல்லை. அவசரமாகத் தேர்தல் வைத்தால் ஏற்கெனவே ஆள்கட்டு வைத்திருப்பவர்களுக்குத்தான் லாபம்.

அது ஒரு குறை. அதைவிடப் பெரிய குறை, வென்றவருக்கு என்ன அதிகாரம் என்று எங்கேயும் எழுதியிருக்கவில்லை. 2012 ஜூனில் நீதிமன்றம் நாடாளுமன்றத்தைக் கலைத்தது. அதே மாதம் சகோதரத்துவ அமைப்பின் முகமது முர்சி 51.7 சதவீத வாக்கோடு அதிபரானார். அவர் பெயரை அறிவிப்பதற்கு முன்பே, ராணுவம் முக்கிய அதிகாரங்களைத் தன்னிடம் வைத்துக்கொண்டு ஓர் அறிவிப்பு வெளியிட்டிருந்தது. நவம்பரில் முர்சி, தன் உத்தரவை எந்த நீதிமன்றமும் கேட்க முடியாது என்று ஆணை போட்டார். டிசம்பரில் அவசரமாக ஓர் அரசியல் சட்டம் வந்தது, வாக்களித்தவர்கள் மூன்றில் ஒரு பங்கு பேர்தான். 2013 ஜூலை 3-இல் ராணுவம் திரும்பி வந்தது. ஆகஸ்ட் 14 அன்று, முர்சி ஆதரவாளர்கள் கூடியிருந்த ரபா சதுக்கத்தில் ஒரே நாளில் 800 பேருக்கு மேல் கொல்லப்பட்டார்கள்.

பர்மாவுக்கு இந்த வழி ஏன் போதாது என்பதற்கு எகிப்து வரைக்கும் போகவே வேண்டாம். பர்மா மக்கள் தேர்தலில் ஏற்கெனவே மூன்று முறை வென்றுவிட்டார்கள். 1988 ஆகஸ்ட் 8 எழுச்சிக்குப் பிறகு 1990 மே மாதம் நடந்த தேர்தலில் ஆங் சான் சூச்சியின் கட்சிக்கு 392 இடம், ஐந்தில் நான்கு பங்கு. ராணுவம் ஆட்சியைத் தரவே இல்லை. 2015-இல் மறுபடி பெருவெற்றி. 2020 நவம்பரில் 476-இல் 396 இடம், மூன்று மாதம்கூட ஆகாமல் கவிழ்ப்பு. வாக்குப் போடத் தெரியாத மக்கள் அல்ல அவர்கள். போட்ட வாக்கை மதிக்கும்படி ராணுவத்தைக் கட்டிப்போடும் ஏற்பாடுதான் அந்த நாட்டில் ஒருபோதும் இருந்ததில்லை. நாலாவது தேர்தல் மட்டும் அதைக் கொண்டுவந்துவிடாது.

முதலில் சட்டம், பிறகு ஆட்சி

துனிசியா இந்த வழியில் போனது. நானும் நெடுநாள் இதுதான் சரியான வழி என்று நம்பினேன், இப்போதும் பாதி நம்புகிறேன். 2010 டிசம்பர் 17 அன்று சிதி பூசித் என்ற சின்ன ஊரில், தள்ளுவண்டியைப் பறிகொடுத்த முகமது பூவசீசி தீக்குளித்தார். 2011 ஜனவரி 14-இல் பென் அலி ஓடினார். அக்டோபரில் சட்டம் எழுதுவதற்கென்றே 217 பேர் கொண்ட அவையைத் தேர்ந்தெடுத்தார்கள். இஸ்லாமியக் கட்சியான அன்னஹ்தாவுக்கு 89 இடம். பெரும்பான்மை இல்லாததால் இரண்டு மதச்சார்பற்ற கட்சிகளோடு சேர்ந்து ஆள வேண்டியிருந்தது. அதுவே நல்லதாகவும் போனது.

2013-இல் எதிர்க்கட்சித் தலைவர்கள் இரண்டு பேர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள், பிப்ரவரியில் சொக்ரி பெலாயித், ஜூலையில் முகமது பிராமி. எகிப்தில் கவிழ்ப்பு நடந்த அதே ஜூலை. துனிசியாவும் அப்படியே சரிந்திருக்கும். சரியாமல் பிடித்தவர்கள் கட்சிக்காரர்கள் அல்ல. தொழிற்சங்கப் பேரவை, முதலாளிகள் சங்கம், மனித உரிமைக் கழகம், வழக்கறிஞர்கள் சங்கம் என்று நாலு அமைப்புகள் சேர்ந்து எல்லாக் கட்சிகளையும் ஒரே மேசையில் உட்கார வைத்தன. தேர்தலில் வென்ற அன்னஹ்தா, தன் விருப்பத்தோடு ஆட்சியை விட்டு இறங்கியது. 2014 ஜனவரியில் அரசியல் சட்டம் நிறைவேறியது. அடுத்த வருஷம் அந்த நாலு அமைப்புகளுக்கும் நோபல் அமைதிப் பரிசு கிடைத்தது.

பிறகு எப்படிக் கெட்டது? புதிய சட்டம் ஓர் அரசியல் சட்ட நீதிமன்றத்தை ஒரு வருஷத்துக்குள் அமைக்கச் சொன்னது. நாடாளுமன்றம் தேர்ந்தெடுக்க வேண்டியது 4 நீதிபதிகளை. கட்சிச் சண்டையில் வருஷக்கணக்காக ஒருவரைத் தாண்டவில்லை. விலைவாசி ஏறியது, படித்தவர்களுக்கு வேலை இல்லை, பூவசீசியின் ஊரில் எதுவும் மாறவில்லை. 2021 ஜூலை 25-இல் அதிபர் கைஸ் சையத் நாடாளுமன்றத்தை முடக்கினார். அது சட்டப்படி செல்லுமா என்று கேட்க நீதிமன்றமே இல்லை. தெருவில் பலர் கைதட்டினார்கள். சோறு போடாத ஜனநாயகத்தைக் காப்பாற்ற ஆள் வராது என்பதை அந்தக் கைதட்டலில் பார்த்தேன், வேதனையாக இருந்தது. 2024-இல் அவர் 90 சதவீத வாக்கோடு மறுபடி வென்றார், வாக்களிக்க வந்தவர்கள் 30 சதவீதம்கூட இல்லை.

நேபாளமும் இதே வழிதான், இன்னும் மெதுவாக. 2006 ஏப்ரல் எழுச்சியில் மன்னராட்சி சரிந்தது. 2008-இல் 601 பேர் கொண்ட அவை வந்தது. நாலு வருஷம் பேசிவிட்டு, சட்டம் எழுதாமலே 2012-இல் கலைந்தது. இரண்டாவது அவை, 2015 நிலநடுக்கம் கொடுத்த அதிர்ச்சியில், அந்தச் செப்டம்பரில் முடித்தது. அப்போதும் மாநில எல்லைகளைத் தெற்குச் சமவெளியின் மாதேசி மக்கள் ஏற்கவில்லை. கட்சித் தலைவர்கள் நாற்காலியை மாற்றி மாற்றி உட்கார்ந்த பத்து வருஷத்துக்குப் பிறகு, 2025 செப்டம்பரில் இளைஞர்கள் தெருவுக்கு வந்தார்கள். 70 பேருக்கு மேல் இறந்தார்கள், ஆட்சி கவிழ்ந்தது.

ஆனால் ஒன்றை மறக்கக் கூடாது. நேபாளத்தில் ராணுவம் ஆட்சியை எடுத்துக்கொள்ளவில்லை. மாவோயிஸ்ட் போராளிகள் ஆயுதத்தை ஒப்படைத்தார்கள், ஒரு பகுதியினர் தேசிய ராணுவத்திலேயே சேர்க்கப்பட்டார்கள். பர்மாவுக்கு இது முக்கியமான பாடம், பின்னால் வருகிறேன்.

ராணுவம் வரைந்த கோட்டுக்குள்

இது பர்மாவே போய்ப் பார்த்த வழி. 2008 மே மாதத் தொடக்கத்தில் நர்கிஸ் புயல் ஐராவதி டெல்டாவை அழித்தது. ஒரு லட்சத்துக்கு மேற்பட்ட உயிர்கள் போயின. பிணங்கள் வாய்க்கால்களில் மிதந்துகொண்டிருந்த அந்த மாதத்திலேயே ராணுவம் அரசியல் சட்டத்துக்கு வாக்கெடுப்பு நடத்தியது. 92 சதவீதம் ஆதரவு என்று அறிவித்தது.

அந்தச் சட்டத்தின் அமைப்பைத் தெரிந்துகொண்டால் பிறகு நடந்தது எதுவும் ஆச்சரியமாக இருக்காது. நாடாளுமன்றத்தில் 25 சதவீத இடம் ராணுவத் தளபதி நியமிப்பவர்களுக்கு. முக்கியமான பிரிவுகளைத் திருத்த 75 சதவீதத்துக்கு மேல் வேண்டும். ஆக, ராணுவம் சம்மதிக்காமல் ஒரு வரிகூட நகராது. பாதுகாப்பு, உள்துறை, எல்லை விவகாரம் மூன்று அமைச்சகமும் ராணுவத்துக்கு. வெளிநாட்டுக் குடிமக்களைப் பிள்ளைகளாகக் கொண்டவர் அதிபராக முடியாது என்று ஒரு பிரிவு. சூச்சியைக் குறிவைத்துப் போட்டது அது. போதாததற்கு பீர் ஆலை முதல் பச்சைக்கல் சுரங்கம் வரை நடத்தும் இரண்டு பெரிய ராணுவ நிறுவனங்கள். அவற்றின் வரவு செலவை நாடாளுமன்றம் பார்க்க முடியாது.

இருந்தும் சூச்சி 2012 இடைத்தேர்தலில் உள்ளே போனார். அது கோழைத்தனம் இல்லை, வேறு கதவு திறந்திருக்கவில்லை. 2012 முதல் 2021 வரைக்குமான வருஷங்களில் கைப்பேசி வந்தது, பத்திரிகை வந்தது, ஒரு தலைமுறை பயமில்லாமல் வளர்ந்தது. 2021-இல் தெருவுக்கு வந்தது அந்தத் தலைமுறைதான். ஆனால் ராணுவத்தோடு ஆட்சியைப் பகிர்ந்துகொண்டதற்கு அவர் கொடுத்த விலை மிகப் பெரியது. 2017-இல் 7 லட்சத்துக்கு மேற்பட்ட ரோஹிங்கியாக்கள் துரத்தப்பட்டார்கள், அதற்காக வழக்கு வந்தபோது 2019-இல் அவர் ஹேக் நகரின் சர்வதேச நீதிமன்றத்துக்கே போய் அரசின் சார்பாகப் பேசினார். அதை என்னால் மன்னிக்க முடியவில்லை.

2020 மார்ச் மாதத்தில் அவருடைய கட்சி ஒரு திருத்தம் கொண்டுவந்தது. ராணுவத்தின் 25 சதவீத இடத்தை ஒரேயடியாக எடுக்கவில்லை, அடுத்தடுத்த தேர்தல்களில் 15, பிறகு 10, பிறகு 5 என்று குறைக்கலாம் என்றது. இதைவிடப் பொறுமையான யோசனை இருக்க முடியாது. ராணுவ உறுப்பினர்கள் எதிர்த்து வாக்களித்தார்கள், 75 சதவீதம் கிடைக்கவில்லை. அடுத்த பிப்ரவரியில் கவிழ்ப்பு. மறுபடி ஒரு சமரசம் பேசலாமே என்று நம் பக்கத்தில் சொல்பவர்கள் அந்த மார்ச் மாத வாக்கெடுப்பை மறந்துவிட்டுப் பேசுகிறார்கள்.

பழைய சட்டத்தை வைத்தே திருத்துவது

இந்தோனேசியாவிலும் நம்மவர்கள் இருந்தார்கள், மேடானில் கடை வைத்து. பர்மாவைப் பற்றிப் பேசும் அளவுக்கு நாம் இந்தோனேசியாவைப் பற்றிப் பேசுவதில்லை, பேச வேண்டும். ஏனென்றால் அதுவும் ராணுவம் ஊறிய நாடு. அங்கேயும் நாடாளுமன்றத்தில் ராணுவத்துக்கு நியமன இடம் உண்டு, 75. ராணுவத்துக்குக் கம்பெனிகளும் உண்டு. அரசியலிலும் தனக்குப் பங்கு உண்டு என்பது அங்கே ராணுவத்தின் கொள்கையாகவே இருந்தது. பர்மா தளபதிகள் 2008 சட்டத்துக்கு முன்மாதிரியாகப் பார்த்தது சுகார்த்தோ கால இந்தோனேசியாவைத்தான்.

1997-இல் ஆசிய நிதி நெருக்கடி வந்தது. டாலருக்கு 2,400 ரூபியா இருந்தது 1998 தொடக்கத்தில் 10,000-ஐத் தாண்டி ஓடியது. 1998 மே 12-இல் ஜகார்த்தாவில் நாலு மாணவர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். தொடர்ந்த கலவரத்தில் ஆயிரம் பேருக்கு மேல் இறந்தார்கள், சீன வம்சாவளியினரின் கடைகளும் பெண்களும் குறிவைக்கப்பட்டார்கள். மே 21-இல் சுகார்த்தோ விலகினார்.

பதவிக்கு வந்தது துணை அதிபர் ஹபிபி. சுகார்த்தோ வளர்த்த ஆள் என்று மாணவர்கள் அவரை நம்பவில்லை. எனக்கும் அவர் கதையைப் படிக்கும்வரை பெரிய மதிப்பில்லை. ஆனால் பதினேழு மாதத்தில் அவர் செய்தவற்றைப் பாருங்கள்: பத்திரிகைத் தடைகளை எடுத்தார், அரசியல் கைதிகளை விட்டார், கட்சி தொடங்க அனுமதித்தார், காவல்துறையை ராணுவத்திலிருந்து பிரித்தார், மாவட்டங்களுக்கு அதிகாரம் கொடுக்கும் சட்டம் போட்டார். 1999 ஜூன் 7-இல் 48 கட்சிகள் போட்டியிட்ட தேர்தல் நடந்தது. அக்டோபரில், அன்று அதிபரைத் தேர்ந்தெடுத்துவந்த மக்கள் ஆலோசனை மன்றம் அவருடைய அறிக்கையை ஏற்காதபோது, போட்டியிலிருந்து ஒதுங்கி வீட்டுக்குப் போனார்.

அரசியல் சட்டத்தைத் தூக்கி எறியவில்லை அவர்கள். 1945-ஆம் வருஷச் சட்டத்தையே 1999 முதல் 2002 வரை வருஷத்துக்கு ஒன்றாக நாலு தடவை திருத்தினார்கள். ராணுவத்தின் 75 இடம் 1999-இலேயே 38 ஆனது. மன்றத்தில் 2009 வரை இருந்துகொள்ளலாம் என்று முதலில் கெடு வைத்தார்கள், பிறகு அதையும் சுருக்கி 2004-இல் முடித்துவிட்டார்கள். ராணுவக் கம்பெனிகளை ஐந்து வருஷத்துக்குள் அரசு எடுத்துக்கொள்ள வேண்டும் என்று 2004-இல் சட்டம் வந்தது, அது அரைகுறையாகத்தான் நடந்தது. அதே வருஷம் அதிபரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுத்தார்கள்.

பர்மாவுக்கும் இந்தோனேசியாவுக்கும் வித்தியாசம் இங்கேதான் இருக்கிறது என்பது என் முடிவு. இரண்டிலும் ராணுவத்துக்கு நாற்காலி கொடுத்தார்கள். ஒன்றில் நாற்காலிக்குக் கெடு இருந்தது, இன்னொன்றில் இல்லை. இது நம் ஊர்ப் பெரியவர்களுக்கு எளிதில் விளங்கும். ரங்கூன் முகல் தெருவில் கடை நடத்தப் போன மேலாளுக்குத் தவணை மூன்று வருஷம். எவ்வளவு கெட்டிக்காரர் ஆனாலும் தவணை முடிந்தால் ஐந்தொகை, அதாவது மொத்த வரவு செலவுக் கணக்கு எடுத்து, பெட்டிச் சாவியை அடுத்தவரிடம் கொடுத்துவிட்டுக் கப்பல் ஏற வேண்டும். தவணை போடாமல் சாவி கொடுத்த முதலாளி எவரும் கிடையாது. 2008 சட்டம் தவணை போடாமல் கொடுத்த சாவி.

இந்தோனேசிய வழிக்குக் கறை இல்லாமல் இல்லை. கிழக்குத் திமோர் 1999 ஆகஸ்டில் 78.5 சதவீத வாக்கோடு பிரிந்துபோகத் தீர்மானித்தபோது, ராணுவம் வளர்த்த கும்பல்கள் அந்த ஊர்களை எரித்தன. சுகார்த்தோ தண்டனை எதுவும் பெறாமல் 2008-இல் இறந்தார். செயற்பாட்டாளர்கள் கடத்தப்பட்ட விவகாரத்தில் 1998-இல் ராணுவத்திலிருந்து நீக்கப்பட்ட பிரபோவோ, 2024 அக்டோபரில் அதிபரானார். அடுத்த மார்ச்சிலேயே பணியில் உள்ள அதிகாரிகள் கூடுதலான சிவில் பதவிகளில் அமரச் சட்டம் திருத்தப்பட்டது. கெடு வைத்து வெளியேற்றினார்கள், விசாரிக்கவில்லை. விசாரிக்காமல் விட்டது 26 வருஷம் கழித்துத் திரும்பி வந்தது.

இலங்கையும் ஒருவகையில் இந்த வழிதான். 2022 ஜூலையில் கோத்தபய ஓடியதும், இருந்த சட்டப்படியே நாடாளுமன்றம் 134 வாக்கில் ரணிலைத் தேர்ந்தெடுத்தது. போராடியவர்களுக்கு அது துரோகமாகத் தெரிந்தது. ஆனால் 2024-இல் வாக்குச் சீட்டிலேயே எல்லாம் மாறியது. அங்கே ராணுவம் ஆட்சியில் இல்லாததால் பர்மாவுக்கு அது அவ்வளவாகப் பொருந்தாது. வங்கதேசத்தில் 2024 எழுச்சிக்குப் பிறகு யூனுஸ் தலைமையில் நடந்த சீர்திருத்த முயற்சியை எடைபோட இன்னும் சில வருஷம் ஆக வேண்டும்.

அப்படியானால் எது?

என் தேர்வு இந்த நாலில் எதுவும் முழுசாக இல்லை. கெடு வைக்கும் பழக்கத்தை இந்தோனேசியாவிடமிருந்தும், இடைக்காலச் சட்டம் என்ற முறையைத் தென்னாப்பிரிக்காவிடமிருந்தும் எடுத்துக்கொள்வேன்.

தென்னாப்பிரிக்கா ஒரு நாள் எழுச்சியில் மாறிய நாடு அல்ல, பல பத்தாண்டுப் போராட்டம். ஆனால் வரிசையை அவர்கள் அமைத்த விதம் அருமை. 1993-இல் பெரும்பாலான தரப்புகள் சேர்ந்து ஓர் இடைக்கால அரசியல் சட்டம் எழுதின. இறுதிச் சட்டம் எதை மீறக் கூடாது என்று 34 கொள்கைகளை அதிலேயே போட்டார்கள். 1994 ஏப்ரலில் தேர்தல். தேர்ந்தெடுக்கப்பட்ட அவைக்கு இறுதிச் சட்டம் எழுத இரண்டு வருஷக் கெடு. எழுதியதை அரசியல் சட்ட நீதிமன்றம் 1996 செப்டம்பரில் திருப்பி அனுப்பியது, திருத்திய பிறகு டிசம்பரில்தான் ஏற்றது. பழைய ஆட்சியாளர்களோடு கூட்டு அரசு ஐந்து வருஷம் மட்டும் என்று யோசனை சொன்னது ஜோ ஸ்லோவோ, கம்யூனிஸ்ட் கட்சியின் தலைவர். விட்டுக்கொடுப்பதிலும் தேதி போட்டவர் அவர். துனிசியாவுக்குக் கிடைக்காத நீதிமன்றம் இவர்களுக்கு இறுதிச் சட்டம் முடிவதற்கு முன்பே இருந்தது.

பர்மாவில் இதற்கான விதை இருக்கிறது. 2021 மார்ச் 31-இல், தேர்ந்தெடுக்கப்பட்ட உறுப்பினர்களின் குழு 2008 சட்டத்தை ரத்து செய்வதாக அறிவித்து, கூட்டாட்சி ஜனநாயக சாசனம் ஒன்றை வெளியிட்டது. அது குறைப் பிரசவம்தான், எல்லாத் தரப்பும் கையெழுத்துப் போட்ட ஆவணம் இல்லை. ஆனால் இடைக்காலச் சட்டத்துக்குத் தொடக்கமாக வைத்துக்கொள்ளலாம்.

இந்தோனேசியாவில் இல்லாத ஒரு சிக்கல் பர்மாவில் உண்டு: துப்பாக்கி ராணுவத்திடம் மட்டும் இல்லை. கச்சின், கரேன் என்று பல இனக்குழுக்களின் படைகள் பல பத்தாண்டாக நிற்கின்றன. ரக்கைன் மாநிலத்தின் பெரும்பகுதி இன்று அரக்கான் படையின் கையில். ரங்கூனில் தேர்தல் வைத்து வென்ற கட்சி இவர்களுக்கு உத்தரவு போட்டுவிட முடியாது. 1947 பிப்ரவரி 12-இல் சூச்சியின் தந்தை ஆங் சான் பாங்லாங்கில் ஷான், கச்சின், சின் தலைவர்களுக்குத் தன்னாட்சி உறுதி கொடுத்தார். ஐந்து மாதத்தில் அவர் கொல்லப்பட்டார். 1962-இல் கூட்டாட்சி பற்றிய மாநாடு ரங்கூனில் நடந்துகொண்டிருந்தபோதே நே வின் கவிழ்த்தார், நாடு சிதறிவிடும் என்று காரணம் சொல்லி. அதனால் மாநிலங்களுக்கு என்ன அதிகாரம் என்பது தேர்தலுக்கு முன்பே இடைக்காலச் சட்டத்தில் எழுதப்பட வேண்டும். எல்லைக் கோடுகளைப் பிறகு பேசலாம், நேபாளம் அதில்தான் தடுக்கியது. படைகளை ஒன்றாக்குவதையும் தேர்தலோடு சேர்த்தே திட்டமிட வேண்டும், நேபாளம் அதில் ஜெயித்தது.

எங்கள் வட்டத்துக்கு வரும் பர்மா காலனிப் பெரியவர் ஒருவர் இதை ஏற்கவில்லை. "தம்பி, இவ்வளவு பேர் செத்த பிறகு அவனுக்கு ஒரு நாற்காலிகூடக் கொடுக்கக் கூடாது. கெடு வைத்தாலும் கூடாது" என்றார். "அய்யா, கொலைக்கு உத்தரவு போட்டவனுக்கு நாற்காலி வேண்டாம், கோர்ட்டுதான். மீதிச் சிப்பாய்களை என்ன செய்வது?" என்று கேட்டேன். 2003-இல் ஈராக்கில் ராணுவத்தை ஒரே உத்தரவில் கலைத்தார்கள். சம்பளம் போன லட்சக்கணக்கான ஆட்கள் ஆயுதத்தோடு வீட்டுக்குப் போனார்கள், அடுத்த பத்து வருஷம் அந்த நாடு எரிந்தது. அவர் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "சம்பளம் கொடு, பென்ஷன் கொடு. பீர் ஆலையையும் சுரங்கத்தையும் பிடுங்கு" என்றார். அதில் எனக்கு முழுச் சம்மதம். ராணுவம் தன் வருமானத்தைத் தானே தேடிக்கொள்ளும் வரைக்கும் எந்த நாடாளுமன்றத்துக்கும் அது பதில் சொல்லாது. தளபதிகளுக்கு விசாரணை, சிப்பாய்களுக்குச் சம்பளம், கம்பெனிகளுக்குத் தேதி என்று மூன்றையும் தனித்தனியாக எழுத வேண்டும். இந்தோனேசியா முதலாவதை விட்டது, மூன்றாவதில் சோர்ந்தது.

தேர்தல் எப்போது? இடைக்காலச் சட்டம் கையெழுத்தான ஒன்றரை வருஷத்துக்குள் என்பேன். அதைவிடச் சீக்கிரமானால் புதிய கட்சிகளுக்கு மூச்சுவிட நேரம் இருக்காது. அதைவிடத் தாமதமானால் தேர்ந்தெடுக்கப்படாதவர்கள் நாற்காலிக்குப் பழகிவிடுவார்கள். அந்த ஒன்றரை வருஷத்தில் விதை நெல்லும் உரமும் டெல்டாவுக்குப் போக வேண்டும், விவசாயக் கடன் அரசு வங்கியில் கிடைக்க வேண்டும். 1930-களில் அந்த வயல்களில் என்ன நடந்தது என்று நம் பேரேடுகளில் இருக்கிறது. கடனில் மூழ்கிய விவசாயியிடம் ஜனநாயகம் பேச வந்தவர்களை விட, எதிரியைக் கைகாட்ட வந்தவர்களுக்குத்தான் அன்று காது கிடைத்தது.

ஆனால் தேர்தல் என்றால் வாக்காளர் பட்டியல் வேண்டும். யார் பெயர் அதில் வரும்? 1982 குடியுரிமைச் சட்டம் நாட்டு மக்களை முழுக் குடிமக்கள், இணைக் குடிமக்கள், குடியுரிமை பெற்றவர்கள் என்று மூன்றாகப் பிரித்தது. ரோஹிங்கியாக்கள் எதிலும் இல்லாமல் போனார்கள். நாலு தலைமுறையாக அங்கேயே பிறந்த தமிழர்களில் பலரும் முழுக் குடியுரிமை இல்லாமல்தான் வாழ்கிறார்கள். 2021 ஜூனில், கவிழ்ப்பை எதிர்த்து அமைந்த தேசிய ஒற்றுமை அரசு அந்தச் சட்டத்தை நீக்குவதாக வாக்குக் கொடுத்தது. அந்த வாக்கு இடைக்காலச் சட்டத்தின் முதல் பிரிவாக வர வேண்டும் என்பது என் கோரிக்கை. பர்மாவில் பிறந்தவருக்கு பர்மாவில் வாக்கு உண்டு என்று அதில் எழுத வேண்டும். வாக்காளர் பட்டியல் அதற்குப் பிறகு தயாராகட்டும்.